குடியிருப்போர்: பூஜ்யம்

“சொன்னியா, சொல்லலையா? அதை மட்டும் சொல்லு!”

“அதான் படத்துலயே பாத்தியே. அப்புறம் என்னத்துக்கு என் வாயைக் கிண்டுற?”

“உன் வாயால கேக்கணும்.”

“சொன்னேன். வீடுன்னுதான் சொன்னேன். கெட்ட வார்த்தையா சொல்லிட்டேன்?”

“கெட்ட வார்த்தை சொல்லியிருந்தா நான் ஏன் கத்தறேன்? அது நீ தினமும் சொல்றதுதானே!”

வெர்ன் கையிலிருந்த ஸ்பானரை அடுப்புப் பலகைமேல் வீசினான். கொதித்துக்கொண்டிருந்த சிப்பி சூப்பின் மூடி எகிறி விழுந்தது. லோர்னா ஒரு கையால் சட்டியைப் பிடித்துக்கொண்டு மறு கையால் கரண்டியை அவன் மூக்குக்கு நேரே நீட்டினாள். அது முப்பத்தெட்டு அடி நீளமுள்ள பழைய மீன்பிடிப் படகு. அதன் அறையில் இரண்டு பேர் நின்று சண்டை போடவே இடம் போதாது. மூன்றாவதாக ஒருத்தி படிக்கட்டில் முழங்காலை மடக்கி உட்கார்ந்திருந்தாள். அவள் மடியில் கேமரா. சண்டை முழுவதையும் அவள் படம் பிடித்துக்கொண்டிருந்தாள்.

“பாரு, இதையும் புடிக்கிறா பாரு! ஏ மாரிட், உனக்குக் கொஞ்சமாவது கூச்சம் இருக்கா?”

மாரிட் பதில் சொல்லவில்லை. பதில் சொல்லியிருந்தால்தான் ஆச்சரியம். பதினாலு மாதமாகக் கெட்டில் குடாவில் கேமராவும் கையுமாகச் சுற்றுகிறவள், அந்தக் கேமரா கையில் இருக்கும்போது ஒரு வார்த்தை பேசி யாரும் கேட்டதில்லை.

“அவளை ஏன் இழுக்கிற? நான் சொன்னதுக்கு அவ என்ன பண்ணுவா?”

“நீ உளறினதை ஊருக்கே போட்டுக் காட்டினாளே! ஆர்லோ சிரிச்சான். ஹேரியட் டீச்சர் சிரிச்சா. நான் மட்டும் இளிச்சவாயனா உக்காந்திருந்தேன்.”

“நீ எங்க உக்காந்திருந்த? என்னை அங்கயே விட்டுட்டுத் தோணியை எடுத்துக்கிட்டு ஓடி வந்துட்டியே. ஆர்லோ கொண்டாந்து விடலைன்னா நான் நீந்தித்தான் வந்திருக்கணும்.”

“நீந்தி வந்திருக்கலாமே. வீடுதானே!”

இவ்வளவு சண்டையும் ஒரே ஒரு வார்த்தைக்காக என்பதை வெளியூரார் நம்பமாட்டார்கள். ஆனால் அமெரிக்காவின் மேற்குக் கரையில் இருக்கிற கெட்டில் குடாவில் அந்த வார்த்தையை யாரும் வாயில் எடுப்பதில்லை. மாவட்டத்தின் சட்டப்படி அந்தக் குடாவில் படகு நிற்கலாம், மனுஷர் குடியிருக்கக் கூடாது. எங்கேயாவது போகிற படகு வழியில் நங்கூரம் போட்டுக்கொள்ளலாம். எத்தனை நாள் என்று எழுத மறந்துவிட்டார்கள். அந்த மறதியில்தான் இருபத்தாறு படகுகள் வருஷக்கணக்காக வாழ்ந்துகொண்டிருந்தன. வருஷத்துக்கு ஒருமுறை அதிகாரி பதிவேட்டோடு வருவார். பேர், படகு, போகும் இடம். எல்லாரும் ஒரே பல்லவிதான்: “போற வழி சார். காத்து சரியாகட்டும்னு நிக்கிறோம்.”

போகும் இடம் மட்டும் ஆளுக்கு ஒன்று. ஆர்லோ இருபத்து நாலு வருஷமாகப் பனாமாவுக்குப் போய்க்கொண்டிருந்தான். அவன் படகின் மேல்தட்டில் பூந்தொட்டிகளும் மூன்று தலைமுறைப் பூனைகளும் இருந்தன. பள்ளிக்கூடத்திலிருந்து ஓய்வு பெற்ற ஹேரியட், ஹாலிஃபாக்ஸுக்குப் போகிறாள். அது கண்டத்துக்கு அந்தப் பக்கம், வேறு கடலில் இருக்கிறது. லோர்னாவும் வெர்னும் அலாஸ்கா. வேடிக்கை பழகிப் பழகி, பல் டாக்டரிடம் முகவரி கேட்டால்கூட “போற வழி” என்று வாய் தானாகச் சொல்லிவிடும். கரையில் பூச்சாண்டி வருவான் என்று மிரட்டுவதுபோல, குடாவில் பிள்ளைகளை மிரட்டுவதென்றால் “வீடுன்னு சொன்னே, அதிகாரி வந்து புடிச்சிட்டுப் போயிடுவார்” என்பார்கள்.

அப்படிப்பட்ட இடத்தில் லோர்னா, அதுவும் படத்தில், அந்த வார்த்தையைச் சொல்லித் தொலைத்தாள்.

குற்றம் மாரிட்டின் மௌனத்தின்மேல்தான். அவள் முதலில் வந்தபோது ஏதோ டிவிக்காரி என்று நினைத்து எல்லாரும் நல்ல சட்டை போட்டுக்கொண்டார்கள். வெர்ன் சவரம்கூடச் செய்துகொண்டான். அவளோ ஒரு கேள்வி கேட்கவில்லை. சின்னப் பாய்மரப் படகு ஒன்றை வாடகைக்குப் பிடித்து நடுவில் நங்கூரம் போட்டாள். தினமும் துடுப்புப் போட்டு வந்து ஏதாவது ஒரு படகில் ஏறி மூலையில் உட்காருவாள். கேமரா ஓடும். நீங்கள் சமைத்தால் சமைப்பதை எடுப்பாள். தூங்கினால் அதையும் எடுப்பாள். இதற்கு முன் ரயில் பாதையோரம் கூடாரம் போட்டவர்களோடு இரண்டு வருஷம் இருந்தாளாம், குப்பைமேட்டுக் குடும்பங்களோடு ஒரு வருஷம். அவளுக்கு ஒரு புருஷன் இருந்ததாகவும், அவன் என்ன கேட்டாலும் இப்படியே பார்த்துக்கொண்டிருந்ததால் ஓடிப்போனதாகவும் ஆர்லோ கிளப்பிவிட்டான். அதற்கு ஆதாரம் ஏதும் இல்லை. இருந்தாலும் எல்லாரும் நம்பினார்கள்.

நவம்பர் புயலில் ஒரு காலை ஆர்லோவின் தோணிக் கயிறு அவிழ்ந்து ஓடியது. கயிற்று நுனி மாரிட்டின் காலடியில். “புடி! புடி!” என்று ஆர்லோ கத்தினான். அவள் ஒரு அடி பின்னால் நகர்ந்தாள், முழுவதும் படத்தில் விழ வேண்டுமென்று. தோணி அக்கரைச் சேற்றில் போய்ச் சொருகியது. ஆர்லோ அன்று சொன்ன வார்த்தைகளை ஹேரியட் டீச்சர் தன் வாழ்நாளில் கேட்டதில்லையாம். மறுநாள் மாரிட் கேமரா இல்லாமல் வந்தாள். இடுப்பளவு சேற்றில் நாலு மணி நேரம் நின்று அவனோடு சேர்ந்து தோணியைத் தோண்டி எடுத்தாள்.

“கேமரா கையில இல்லாதப்போ கூப்பிடுங்க, எது வேணா செய்வேன்,” என்றாள். “இருக்கும்போது நான் இல்லைன்னு நினைச்சுக்குங்க.”

இல்லை என்று நினைத்துக்கொள்வதுதான் முடியவில்லை. பேசாத ஒருத்தி எதிரே உட்கார்ந்திருந்தால் மனுஷருக்கு வாய் அரிக்கிறது. ஜனவரியில் ஒரு நாள் லோர்னா சிப்பிக் கொட்டகையில் வேலை முடிந்து வந்து, உப்புத் தண்ணீரில் ஊறி வெடித்த விரல்களுக்குக் களிம்பு தடவிக்கொண்டிருந்தாள். விடிகாலை நாலரைக்கு ஆரம்பிக்கிற வேலை அது. ஒரு கையில் சிப்பி, ஒரு கையில் குட்டைக் கத்தி, நின்ற இடத்தில் எட்டு மணி நேரம். வெளியே தூறல். மாரிட் மூலையில். லோர்னாவே ஆரம்பித்தாள்:

“இடுப்பு ஒடியுது. ஆனா தோணியில திரும்பி வரும்போது இந்தப் புகைக்குழாய் கண்ணுல படும் பாரு, அப்போ வலி போயிடும். இது என் வீடு. எவன் வந்து என்ன சொன்னாலும் நான் எங்கயும் போகப்போறதில்லை.”

அவ்வளவுதான். எடுத்ததில் கொஞ்சத்தை, அதில் இருக்கிறவர்களுக்கே மாதத்தின் முதல் ஞாயிறு மத்தியானம் ஆர்லோவின் படகில் போட்டுக் காட்டுவது மாரிட்டின் வழக்கம். பிப்ரவரி ஞாயிறன்று அது வந்துவிட்டது.

சண்டைக்குப் பிறகு வெர்ன் ஒன்பது நாள் பேசவில்லை. சாப்பிட்டான், தண்ணீர்க் கேன்களைக் கரைக்குக் கொண்டுபோய் நிரப்பி வந்தான், படகின் அடித்தண்ணீரை இறைத்தான். பேச்சு மட்டும் கிடையாது. அதிகாரிக்குத் தெரிந்துவிடும் என்று பயப்படுகிறான் என்றுதான் லோர்னா நினைத்தாள். குடாவும் அப்படித்தான் நினைத்தது. “இவ்வளவு கோழையா இவன்!” என்றுகூட ஹேரியட் சொன்னாள்.

பத்தாம் நாள் கடிதம் வந்தது. எல்லாருக்கும் ஒரே கடிதம். கரைக் கடையில் வாங்கிக்கொண்டு நேரே ஆர்லோவின் படகில் கூடினார்கள். ஹேரியட் கண்ணாடியை மாட்டிக்கொண்டு வகுப்பில் வாசிப்பதுபோல் வாசித்தாள். கெட்டில் குடாவில் நெடுநாள் குடியிருப்போருக்கு, படகைக் கட்டி நிறுத்திக்கொள்ளப் பன்னிரண்டு நிரந்தர மிதவைகள் கட்டித்தர மாவட்டம் எண்ணியிருந்தது. அதற்காக அக்டோபரில் கணக்கெடுப்பு நடத்தப்பட்டது. கணக்கெடுப்பின் முடிவு: வழிப்பயணப் படகுகள் இருபத்தாறு, குடியிருப்போர் பூஜ்யம். ஆகவே திட்டம் கைவிடப்படுகிறது. ஜூன் முதல் தேதிக்குள் எல்லாப் படகுகளும் தத்தம் பயணத்தைத் தொடர வேண்டும். மறுப்பு உள்ளவர்கள் மார்ச் இருபது அன்று நேரில் வந்து சொல்லலாம்.

ஆர்லோ கடிதத்தைப் பிடுங்கித் தானே ஒருமுறை பார்த்தான்.

“அந்தப் பொண்ணா?” என்றான் ஆர்லோ. “அட்டையும் பென்சிலுமா வந்துதே, ஷெல்பின்னு ஒரு பொண்ணு? அதுவா?”

அதுவேதான். அக்டோபரில் வாந்தி எடுக்காத குறையாகத் தோணியில் ஆடி ஆடிப் படகு படகாக வந்தாள் அந்தப் பெண். இங்கே குடியிருக்கிறீர்களா என்று அன்பாகத்தான் கேட்டாள்.

“இல்லம்மா, போற வழி,” என்றிருந்தான் ஆர்லோ.

“எங்க போறீங்க?”

“பனாமா.”

“பூந்தொட்டியோடயா?”

“அங்க பூ சரியில்லையாம்.”

ஹேரியட்டிடம், “ஹாலிஃபாக்ஸ் அந்தப் பக்கக் கடல்ல இல்ல இருக்கு?” என்று கேட்டாள். “அதனாலதாம்மா நேரமாகுது,” என்றாள் டீச்சர். லோர்னா சிப்பி நாற்றத்தோடு அப்போதுதான் வந்திருந்தாள். யோசிக்காமல் “அலாஸ்கா” என்று சொல்லி ஒரு குவளை காப்பியும் கொடுத்து அனுப்பினாள். அந்தப் பெண் எல்லாவற்றையும் நம்பி எழுதிக்கொண்டு போயிருக்கிறாள். இடம் கொடுக்க வந்தவளை இருபத்தாறு படகும் சேர்ந்து வெற்றிகரமாக ஏமாற்றி அனுப்பிவிட்டது.

“நேர்ல போய்ச் சொன்னா நம்புவாங்களா?” என்றாள் லோர்னா.

“எப்படி நம்புவாங்க? இருபது வருஷப் பதிவேட்டுல நம்ம கையெழுத்தே இருக்கே,” என்றாள் ஹேரியட்.

ஆர்லோ தொடையில் தட்டினான். “இருக்கு! ஆதாரம் இருக்கு! மாரிட்டோட படம்! லோர்னா வீடுன்னு சொல்றது, நாம துணி காயப்போடறது, கிறிஸ்துமஸ் கொண்டாடறது, எல்லாம் இருக்கே. எடுத்துக் கொடு மாரிட்!”

மாரிட் அன்று கேமராவைக் கீழே வைத்தாள். அதுவே ஒரு செய்தி.

“தர மாட்டேன்.”

“என்ன?”

“ஆபீசுக்குத் தர மாட்டேன். நீங்க என்னை உள்ள விட்டது சாட்சி சேர்க்கறதுக்கு இல்ல. இன்னிக்கு உங்க நல்லதுக்குன்னு கொடுத்தா, நாளைக்கு இன்னொரு ஆபீஸ் வேற எதுக்கோ கேக்கும். அப்புறம் எந்தப் படகுலயும், எந்தக் கூடாரத்துலயும் யாரும் என்னை உக்கார விடமாட்டாங்க.”

“நாங்க நடுக்கடல்ல நிக்கப்போறோம், உனக்கு உன் தொழில் பெரிசாப் போச்சா?”

“ஆர்லோ, அதுல நீங்க தினமும் காலையில கக்கூஸ் வாளியை எங்க கொட்டுறீங்கன்னும் இருக்கு.”

ஹேரியட் தொண்டையைச் செருமினாள். ஆர்லோ பூனையைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டான். அந்த யோசனை அத்தோடு முடிந்தது.

“வாயால சொல்ல வேண்டியதை வாயாலயே சொல்லுங்க,” என்றாள் மாரிட். “ஆனா உங்க உங்க படகுல எடுத்ததை நீங்க எப்ப வேணா வந்து பாக்கலாம். அது உங்களோடது.”

இத்தனை நேரமும் வெர்ன் ஓரமாக நின்று கடலைப் பார்த்துக்கொண்டிருந்தான். கடிதத்தைக் கேட்டு அவன் முகம் வாடவில்லை என்பதை லோர்னா கவனித்தாள். கவனித்தாளே தவிர, அதற்கு அர்த்தம் அன்று விளங்கவில்லை.

இரண்டு நாள் கழித்து வேலை முடிந்ததும் அவள் மாரிட்டின் படகுக்குத் தோணியை விட்டாள். மாவட்ட ஆபீசில் போய் நின்று சொல்ல வேண்டும். எப்படிச் சொல்வது? ஜனவரியில் என்னமோ சரளமாக வந்ததே, அதை ஒருமுறை பார்த்து மனப்பாடம் செய்துகொள்ளலாம் என்பது அவள் எண்ணம். மாரிட் லேப்டாப்பைத் திறந்து கொடுத்துவிட்டு, கேமரா இல்லாத கைகளோடு வெளியே போய்ப் பாய்த்துணியைத் தைக்க உட்கார்ந்தாள்.

எல்லாம் தேதிவாரியாக இருந்தது. லோர்னாவுக்கு ஜனவரியின் எந்த நாள் என்று நினைவில்லை. ஒவ்வொன்றாகத் திறந்தாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை திறந்தது. ஞாயிறு காலையில் அவள் கொட்டகையில் இருப்பாள். திரையில் வெர்ன் மட்டும்.

அவன் எஞ்சின் பெட்டியைத் திறக்கிறான். பழைய பனியனால் எஞ்சினைக் குழந்தைக்குத் துடைப்பதுபோல் துடைக்கிறான். எண்ணெய் பார்க்கிறான். ஓட விடுகிறான். பத்து நிமிஷம் காதைச் சாய்த்துக் கேட்டுவிட்டு நிறுத்துகிறான். பிறகு கட்டிலடியிலிருந்து ஒரு சுருளை எடுத்து, அவர்கள் படுக்கிற மெத்தையின்மேல் விரிக்கிறான். கடல் வரைபடம். பென்சிலால் சின்னச் சின்னக் கோடு. அலை நேரப் புத்தகத்தைப் பார்க்கிறான், நோட்டில் எழுதுகிறான். தகர டப்பாக்களை எண்ணுகிறான், பீன்ஸ் எத்தனை, மாவு எத்தனை. அவள் வரும் நேரத்துக்குக் கால் மணி முன்னால் எல்லாவற்றையும் சுருட்டி உள்ளே தள்ளிவிட்டு அடுப்பில் தண்ணீர் வைக்கிறான்.

அடுத்த ஞாயிறு. அதே. அதற்கடுத்த ஞாயிறு. அதே. பின்னோக்கிப் போனால், போன வருஷம் மார்ச்சில் ஒரு ஞாயிறு, வரைபடத்தின்மேல் கையூன்றிக்கொண்டு, மாரிட்டிடம் இல்லை, தனக்குத்தானே சொல்லிக்கொள்கிறான்: “இந்த வருஷம் வேணாம். அவளுக்குக் கொட்டகையில மேஸ்திரி வேலை கிடைக்கற மாதிரி இருக்கு. அடுத்த ஏப்ரல்ல கேக்கலாம்.”

லோர்னா லேப்டாப்பை மூடவில்லை. அது தானாக அணைந்துபோகிற வரைக்கும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

வெளியே வந்து மாரிட்டைப் பார்த்தாள். “பதினாலு மாசமா உனக்குத் தெரியும்.”

“தெரியாது. பாத்தேன்.”

“ரெண்டுக்கும் என்னடி வித்தியாசம்?”

“அவர் உங்களுக்கு ஒரு வேடிக்கைக்காக ஏதோ தயார் பண்றாரோன்னு ஒரு நாள் நினைச்சேன். சும்மா பொழுதுபோக்குன்னு ஒரு நாள் நினைச்சேன். நான் நினைச்சதை வந்து உங்ககிட்ட சொல்லியிருந்தா, அது நான் கட்டின கதையாயிருக்கும்.”

“ஒரு வார்த்தை. ‘லோர்னா, ஞாயித்துக்கிழமை சீக்கிரம் வா’ன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்ல?”

மாரிட் ஊசியைத் துணியில் குத்திவிட்டு நிறுத்தினாள். “சொல்லியிருக்கலாம்,” என்றாள். அவளுக்கும் அது உறைத்திருக்க வேண்டும். ஒரே இடத்தை இரண்டுமுறை தைத்திருந்தாள்.

அன்று சாயந்திரம் மழை விட்டு மேற்கே கொஞ்சம் வெளுத்திருந்தது. வெர்ன் நண்டுக் கூண்டை மேலே இழுத்துக்கொண்டிருந்தான். இரண்டு நண்டு. லோர்னா தண்ணீரைக் கொதிக்க வைத்தாள். சோளரொட்டியை வெட்டினாள். எதிரெதிரே உட்கார்ந்து நண்டின் ஓட்டை உடைத்துத் தின்றார்கள். உடைக்கிற சத்தம்தான் பேச்சு.

“நிஜமாவே போகணும்னு இருந்தியா?” என்றாள்.

அவன் நிமிரவில்லை. “எங்க?”

“எங்கன்னு உனக்குத் தெரியாதா? கட்டிலடியில சுருட்டி வெச்சிருக்கியே.”

அவன் நண்டுக் காலை உறிஞ்சி முடித்தான். விரலைத் துடைத்தான். “பதினாறு வருஷமா சொல்லிக்கிட்டுத்தானே இருக்கேன்.”

“எல்லாரும்தான் சொல்றாங்க! ஆர்லோ பனாமாங்கறான்!”

“எல்லாரும் அதிகாரிகிட்ட சொல்றாங்க. நான் உன்கிட்டயும் சொன்னேன்.”

லோர்னாவின் கையில் இருந்த ரொட்டி அப்படியே நின்றது. சொல்லியிருக்கிறான்தான். இந்த மேசையில், இந்த அடுப்பு முன்னால், எத்தனையோ தடவை. ‘அடுத்த வசந்தத்துக்கு அலாஸ்கா, என்ன லோர்னா?’ என்பான். ‘ஆமா, ராஜா, பொட்டி கட்டிடறேன்’ என்று இவள் சிரிப்பாள். அவனும் சிரிப்பான். இரண்டு பேரும் ஒரே வேடிக்கைக்குத்தான் சிரிக்கிறோம் என்று இவள் நினைத்திருந்தாள்.

“எஞ்சினை பேட்டரிக்காக ஓட்டுறேன்னு நினைச்சேன்.”

“பேட்டரிக்கு அந்தச் சோலார் தகடு போதுமே. நீயே வாங்கிட்டு வந்ததுதானே.”

“நீ ஏன் அன்னிக்கு அப்படிக் கத்தினேன்னு இப்பத்தான் புரியுது.”

“எனக்கும் அன்னிக்குத்தான் புரிஞ்சுது,” என்றான் வெர்ன். “எங்கயும் போகப்போறதில்லைன்னு அவகிட்ட சொன்ன. என்கிட்ட ஒரு நாளாவது சொன்னியா?”

“நீ கேட்டாத்தானே!”

“கேக்கறேன். ஏப்ரல் கடைசியில காத்து நல்லாயிருக்கும். ஜூன்ல எப்படியும் இங்கேர்ந்து துரத்தப்போறாங்க. வரியா?”

லோர்னா தன் பழைய கணவனிடமிருந்து வழக்குப் போட்டு வாங்கிய படகு அது, அவள் பேரில். வெர்ன் மூன்று வருஷம் கழித்து, கல்யாணம் என்று ஒன்றும் இல்லாமலே, ஒரு பையோடும் ஒரு ஸ்பானர் பெட்டியோடும் ஏறி வந்தவன். அது இரண்டு பேருக்கும் தெரியும். அதை அவன் சொல்லவில்லை, அவளும் சொல்லவில்லை. அவள் சுற்றிப் பார்த்தாள். தான் அடித்த ஆணிகள், தான் பூசிய பச்சைச் சாயம், ஈரத்தில் உப்பிய அலமாரிக் கதவு. பிறகு அவனைப் பார்த்தாள். அவன் தாடியில் நண்டுச் சதை ஒட்டியிருந்தது. எட்டி எடுத்துவிட்டாள்.

“மார்ச் இருபது நான் ஆபீசுக்குப் போறேன் வெர்ன்.”

“சரி.”

“நீயும் வந்து வீடுன்னு சொல்லிடேன். சும்மா சொல்லேன். நாளைக்கு மாத்திக்கலாம்.”

“சும்மாச் சொல்லிச் சொல்லித்தான் இப்படி ஆச்சு,” என்று அவன் தட்டை எடுத்துக்கொண்டு எழுந்தான்.

மார்ச் இருபது அன்று ஊரே சவரம் செய்துகொண்டது. கெட்டில் குடாவிலிருந்து பத்தொன்பது பேர் ஒரே பஸ்ஸில் போனார்கள். அத்தனை பேரையும் ஒன்றாக உலர்ந்த துணியில் பார்த்த டிரைவர் யாருக்கோ சாவு என்று நினைத்துத் தொப்பியை எடுத்தாராம். ஆபீஸ் கூடத்தில் வரிசை. மேசைக்குப் பின்னால் அதே ஷெல்பி. மூலையில் மாரிட், கேமராவோடு.

லோர்னாதான் முதலில் நின்றாள். மனப்பாடம் செய்ததெல்லாம் மறந்துபோயிற்று.

“எங்க குடியிருக்கீங்க?”

“கெட்டில் குடா. படகுல. அதுதான் வீடு.”

ஷெல்பி தாளைப் புரட்டினாள். “அக்டோபர்ல நீங்க அலாஸ்கான்னு சொன்னீங்களே. காப்பி கூடக் கொடுத்தீங்க.”

“காப்பி நிஜம். அலாஸ்கா பொய்.”

“பொய்னு எழுதிக்கவா?”

“எழுதிக்கோ. கொட்டை எழுத்துல எழுது. பத்தொம்பது வருஷப் பொய்.”

பின்னால் வரிசையில் யாரோ கைதட்டினார்கள். ஷெல்பிக்கு முகம் சிவந்தது, கோபத்தில் இல்லை. அவள் ஒரு புதுத் தாள் எடுத்து, குடியிருப்போர், எண் ஒன்று என்று எழுதினாள். அடுத்த ஆளைப் பார்த்தாள்.

வெர்ன் தொப்பியைக் கழற்றி இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டான்.

“அதே படகா சார்?”

“அதே படகுதான். அவ பேர்ல இருக்கு.”

“நீங்களும் அங்கயே குடியிருக்கறவர்தானே?”

“இல்லம்மா. நான் அலாஸ்கா போறேன்.”

கூடத்தில் சிரிப்பு வெடித்தது. ஆர்லோதான் ஆரம்பித்தான். ஷெல்பியும் சிரித்துவிட்டு, “சார், இப்ப உண்மையைச் சொல்லலாம். யாரும் அபராதம் போட மாட்டாங்க,” என்றாள்.

“உண்மைதான்மா,” என்றான் வெர்ன்.

சிரிப்பு ஒவ்வொருவராக நின்றது. லோர்னா திரும்பவில்லை. மேசை விளிம்பைப் பிடித்திருந்த அவள் விரல்கள் வெளுத்திருந்தன. மாரிட்டின் கேமரா அந்த இடத்தில் ஒருதரம் ஆடியிருக்கிறது, படத்தில் பார்த்தவர்கள் சொல்கிறார்கள். காற்று என்றாள் மாரிட். கூடத்தில் ஜன்னலே கிடையாது.

ஏப்ரல் கடைசியில் வடக்கே போகிற ஒரு மீன்பிடிப் படகில் எஞ்சின்காரனாக வெர்ன் ஏறினான். லோர்னா அவனுக்கு இரண்டு கம்பளிக் காலுறையும் பன்னிரண்டு டப்பா பீன்ஸும் கட்டிக் கொடுத்தாள். தோணியில் துடுப்புப் போட்டுக் கொண்டுபோய் விட்டதும் அவள்தான். அலாஸ்காவுக்கு இரண்டு நாள் தூரத்தில், கனடாவில், ஒரு சின்னத் துறைமுகத்தில் அந்தப் படகின் எஞ்சின் பழுதாயிற்று. சரி செய்ய இறங்கியவன், அங்கே இருந்த ஐஸ் ஆலை எஞ்சினையும் சரி செய்து கொடுத்தான். சலவைக்கடை வைத்திருந்த ஒரு விதவையின் கொதிகலனையும் சரி செய்தான். மறு வருஷம் அவளைக் கல்யாணம் செய்துகொண்டான். இன்னும் அங்கேதான் இருக்கிறான்.

படம் முடிகிற சமயத்தில் மாரிட் முதன்முதலாக ஒரு கேள்வி கேட்டாள். அந்த ஞாயிற்றுக்கிழமைகளைப் படத்தில் வைக்கட்டுமா என்று. “அவனைக் கேளு,” என்றாள் லோர்னா. மாரிட் வெர்னுக்கு எழுதினாள். “அவளைக் கேளு,” என்று பதில் வந்தது. கடைசியில் வைத்துவிட்டாள். அதன்பின் அவள் கிழக்கே எங்கோ மூடிப்போன சுரங்கத்தடியில் வாழ்கிறவர்களோடு போய்ச் சேர்ந்தாள். ஷெல்பி மாவட்ட வேலையை விட்டுவிட்டுச் சிப்பிக் கொட்டகைக்காரரின் மகனைக் கட்டிக்கொண்டு தெற்கே ஆரெகன் மாநிலத்துக்குப் போனாள். மாவட்டம் கைவிட்ட திட்டத்தைத் திரும்ப எடுத்துப் பன்னிரண்டு மிதவைகளைக் கட்டியது; அது கிடைக்காத பதினாலு படகுகள் ஜூனில் கிளம்பின. ஏழு தெற்கே, ஐந்து பக்கத்துக் குடாவுக்கு. இரண்டு குடாவாயிலிலேயே மூழ்கின, ஆட்கள் பிழைத்தார்கள். ஆர்லோவும் ஹேரியட்டும் கல்யாணம் செய்துகொண்டார்கள். யாருடைய படகில் குடியிருப்பது என்று முடிவாகாததால் இன்னும் இரண்டு படகில்தான் இருக்கிறார்கள். ஞாயிற்றுக்கிழமை மட்டும் அவன் தோணியில் போய் வருகிறான்.

லோர்னாவையும் இரண்டு பேர் கேட்டார்கள். ஒருவன் கரையில் மூன்று அறை வீடு இருக்கிறது, வந்துவிடு என்றான். இன்னொருவன், பாவம், நல்லவன், நான் உன் படகுக்கே வந்துவிடுகிறேன் என்றான். இருவருக்கும் சூப் ஊற்றிக் கொடுத்தாள். இரண்டாமவன் குடித்து முடித்ததும், “உனக்கு வேற எங்கயாவது போகணும்னு ஆசை இருக்கா? இருந்தா இப்பவே சொல்லிடு,” என்று கேட்டாள். இல்லவே இல்லை என்று அவன் சத்தியம் செய்தான். அவள் வெகுநேரம் அவன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, “நிஜமா, சும்மாவான்னு எனக்குப் பாத்தா தெரியாது,” என்று சொல்லி, தோணியில் ஏற்றிக் கரையில் கொண்டுபோய் விட்டுவிட்டு வந்தாள்.